இறங்காப் பாட்டு

அவர் பெயரை எழுதப் போவதில்லை. எழுதினால் "யாரைக் கேட்டு எழுதினே?" என்று நேரே வீட்டுக்கே வந்துவிடுவார். வந்தால் பதில் சொல்ல என்னால் ஆகாது. மில்லில் எல்லாருக்கும் அவர் அக்கா. எனக்கும் அக்காதான்.

கும்மிடிப்பூண்டித் தொழிற்பேட்டையில் கம்பி உருட்டும் மில் ஒன்றில் அவர் கிரேன் ஆபரேட்டர். ஷெட்டின் கூரையை ஒட்டித் தண்டவாளத்தில் ஓடுகிற கிரேன் அது. அதிலிருந்து தொங்கும் சின்னக் கூண்டில் அவர் உட்கார்ந்திருப்பார். கீழே நிற்கிற சிக்னல்மேன் நான். மில் இரைச்சலில் கத்தினால் பக்கத்தில் இருப்பவனுக்கே கேட்காது என்பதால் எங்களுக்குள் எல்லாமே கைப்பேச்சுதான். ஆள்காட்டி விரலை மேலே நீட்டிச் சுழற்றினால் தூக்கு. கீழே நீட்டிச் சுழற்றினால் இறக்கு. இரண்டு கையையும் தலைக்கு மேல் தூக்கினால் அத்தனையையும் நிறுத்து. தூக்கச் சொல்ல எனக்கு மட்டும்தான் உரிமை. நிறுத்தச் சொல்ல மில்லில் இருக்கிற யாருக்கும் உரிமை உண்டு, டீ கொண்டு வருகிறவருக்குக்கூட. அப்படித்தான் சுவரில் போர்டு எழுதி மாட்டியிருந்தார்கள். ஆறு வருஷம் என் கையும் அவர் கண்ணும் இப்படி வேலை பார்த்தன.

இறக்குவது என்றாலே அவருக்கு ஆகாது. கம்பிக் கட்டை இறக்குவார், அது தொழில். வேறு எதையும் இறக்க மாட்டார். மீன் மார்க்கெட்டில் விலை குறைத்துக் கேட்டு நான் பார்த்ததில்லை. "அவ சொன்னது அவ வெல. கட்டுனா வாங்கு, கட்டலன்னா போய்க்கினே இரு. கொறச்சுக் கேட்டு அவள எறக்குறதுக்கு நீ யாரு?" என்பார். மீன்காரிகள் இவரைக் கண்டால் பத்து ரூபாய் ஏற்றியே சொல்வார்கள் என்பது வேறு விஷயம். கம்பெனி பஸ்ஸில் மழை கொட்டினாலும் ஜன்னல் ஷட்டரை இறக்க மாட்டார். பக்கத்தில் உட்கார்ந்த பாவத்துக்கு நான் எத்தனையோ நாள் தொப்பலாக நனைந்து ஷிப்டுக்குப் போயிருக்கிறேன். "யக்கா, மழக்காச்சும் எறக்கேன்" என்று கெஞ்சினால், "மழதானே நைனா எறங்கி வருது? அது வரட்டும், நம்ம இன்னாத்துக்கு எறங்கணும்?" என்பார்.

சோற்று வேளைக்குக் கூண்டிலிருந்து ஏணி வழியாக வருவாரே, அது இறங்குவது இல்லையா என்று ஒருநாள் மடக்கினேன்.

"அது சோத்துக்குப் போறதுடா" என்று சொல்லிவிட்டு டப்பாவைத் திறந்தார்.

அந்தச் சோற்று வேளையில்தான் மேகக்கோட்டை கட்டப்பட்டது. ஷெட்டுக்குப் பின்னால் தண்ணீர் டிரம் பக்கம் கொஞ்சம் நிழல் உண்டு. அங்கே அக்கா, நான், கம்பிக் கட்டுகளைத் தூக்க ஸ்லிங் என்கிற இரும்புக் கயிற்றை மாட்டுகிற ஒடிசாக்காரர்கள் நாலு பேர். ஒருநாள் திடீரென்று கேட்டார்.

"ஊத்துக்கோட்டைக்கு மேல இன்னா கீது?"

"ஆந்திரா" என்றேன்.

"அது பக்கத்துல கீது. மேல இன்னா கீதுன்னு கேட்டேன்."

நான் வானத்தைப் பார்த்தேன். புகைதான் இருந்தது.

"மேகக்கோட்ட கீது" என்றார். அவர் பிறந்தது ஊத்துக்கோட்டைப் பக்கத்துக் கிராமம். ஏதோ உள்ளூர்ப் பஸ் மார்க்கத்தைச் சொல்வதுபோலச் சொன்னார்.

மேகக்கோட்டையில் ஒன்பது ஊர். எந்த ஊருக்கும் கீழே தரை கிடையாது. ஒவ்வொன்றும் மேலேயிருந்து கயிற்றில் தொங்குகிறது. கயிற்றின் மேல்முனையை அங்கே யாரும் பார்த்ததில்லை. "மேல யாருக்கா புடிச்சினு கீறாங்க?" என்று கேட்டேன். "அங்கயும் கான்ட்ராக்ட் ஆளுங்கதான்" என்றார். வாளியைக் கீழே விட்டு மேகத்தில் தண்ணீர் மொள்வார்கள். காற்று எப்போதும் அடித்துக்கொண்டே இருப்பதால் வாயால் பேசினால் பேச்சு பக்கத்து மேகத்துக்குப் போய்விடும். அதனால் அங்கே எல்லாரும் கையால்தான் பேசுவார்கள். பாடுவதும் கையால்தான். பாட்டைக் கண்ணால் கேட்பார்கள்.

அந்த ஒன்பது ஊருக்கும் பொதுவாக, அங்கே பிறந்த குழந்தைக்குக்கூடத் தெரிந்த பாட்டு ஒன்று உண்டு. அதுதான் இறங்காப் பாட்டு.

அதைக் கட்டியவள் கயிறு கட்டுகிற ஒரு பெண். அவள் கையைப் பார்த்துத்தான் மேலே இருப்பவர்கள் ஊரைத் தூக்குவதும் இறக்குவதும். தலைமை ஊர்க்காரன் ஒருநாள் அவளைக் கூப்பிட்டு, உங்கள் ஊர் நிழல் என் தோட்டத்தில் விழுகிறது, ஊரை இறக்கு என்றான். அவள் எல்லார் முன்னாலும் கையை எடுத்தாள். எடுத்தவள் மேலே காட்டினாள். ஊர் ஒரு முழம் ஏறியது. அவன் இறக்கு என்று கத்தினான். அவள் கையை இன்னும் கொஞ்சம் உயர்த்தினாள். இப்படி ஏழு தடவை. அதுதான் பாட்டின் ஏழு ஏத்தம். இடுப்பில் விரித்த உள்ளங்கையில் தொடங்கும். மார், தோள் என்று ஏறி, ஆறாவதில் விரல் மேலே சுழன்று, ஏழாவதில் இரண்டு கையும் தலைக்கு மேல் போய் நிற்கும்.

"அப்புறம் அவன் தோட்டத்துல நெழலு வுழுந்துச்சா?" என்று கேட்டேன்.

"நெழலு எங்க வுழும்? அவ்ளோ ஒசரம் போயிடுச்சே. ஊட்டுல பாத்திரம் கழுவுன தண்ணிதான் வுழுந்துச்சு."

நாங்கள் சிரித்த சிரிப்பில் ஒடிசாக்காரர்களும் காரணம் தெரியாமலேயே சிரித்தார்கள். பிறகு அக்கா அவர்களுக்கு அதைக் கையாலேயே செய்து காட்டினார். தமிழ் தெரிந்த என்னைவிட அவர்களுக்குச் சீக்கிரம் பிடிபட்டுவிட்டது. அவர்களில் மீசைக்காரர் ஒருவர், இரண்டு பிள்ளைகளுக்குத் தகப்பன், அக்காவையே மிஞ்சி அழகாகச் செய்வார்.

பாட்டுக்கு இறக்கமே கிடையாது. சங்கீதம் கொஞ்சம் கேட்டவன் என்ற திமிரில், ஆரோகணம் என்றால் அவரோகணம் இருக்க வேண்டும், ஏறிய கை எப்படியும் இறங்கத்தானே வேண்டும் என்றேன். அக்காவிடம் பதில் தயாராக இருந்தது. இந்த ஊர்க்காரி ஏழாவது ஏத்தத்தில் நிற்பாள். எதிர் ஊர்க்காரி அதைப் பார்த்ததும் முதல் ஏத்தத்தைத் தொடங்குவாள். அந்தக் கணமே பாட்டு எதிர் ஊருக்குப் போய்விடுகிறது. "அப்பால உன் கை வெறுங்கை. எங்க வேணா வெச்சிக்கோ, அது பாட்டுல சேராது" என்றார்.

"எதிர் ஊர்க்காரி தூங்கிட்டான்னா?"

"அவ எழுந்துக்கற வரைக்கும் தூக்கினே நிக்கணும்."

"கை வலிக்காதா?"

"வலிக்கும்டா, இன்னா இப்போ?" என்று முறைத்தார்.

இறக்குவது என்றால் ஏன் இந்த அளவுக்கு ஆகாது என்று ஒரே ஒரு தடவை கேட்டிருக்கிறேன், பஸ்ஸில். பஸ் பெரியபாளையம் தாண்டிக்கொண்டிருந்தது. ஜன்னலைப் பார்த்துக்கொண்டே சொன்னார். "நடவு நட்டுக்கினு இருப்பாங்க எங்க ஊட்டு ஆளுங்க. நெலத்துக்காரரு வரப்பு மேல வந்தா எங்க நைனா தோள்ல கெடந்த துண்ட எறக்கி இடுப்புல கட்டுவாரு. ஒவ்வொரு தபாவும். நான் பாத்துக்கினே நிப்பேன்." அதோடு சரி. அந்தப் பேச்சை மறுபடி அவர் எடுத்ததில்லை, நானும் கேட்கவில்லை.

பாட்டு ஒருமுறை வம்பில் கொண்டுபோய் விட்டது. சாப்பிட்டுவிட்டு ஷெட்டுக்குள் வரும்போதே யாருக்கோ ஆறாவது ஏத்தத்தைச் செய்து காட்டினார். விரல் மேலே பார்த்துச் சுழல்கிறது. எங்கள் தொழிலில் அதற்கு என்ன அர்த்தம் என்று மேலே சொல்லியிருக்கிறேன். அடுத்த பகுதியில் கிரேன் ஓட்டுகிறவர் அதைச் சிக்னல் என்று நினைத்து, பாதி கட்டிய கம்பிக் கட்டைத் தூக்கிவிட்டார். கம்பிகள் சரிந்து சூப்பர்வைசரின் டிபன் கேரியர் தகடாகிவிட்டது. நல்லவேளை, ஆள் யாரும் இல்லை. அந்த ஆபரேட்டருக்கு மெமோ எழுதத் தொடங்கினார்கள். அக்கா தானே ஆபீசுக்குப் போனார். "கை காட்னது நானு. அவருக்கு இன்னாத்துக்கு மெமோ? எனுக்குக் குடுங்க" என்று வாங்கிக்கொண்டு வந்தார். மூன்று நாள் வேலை இல்லை.

நான்காம் நாள் வந்ததும் எங்களை உட்காரவைத்து, ஆறாவது ஏத்தத்தில் இனி விரலை மடக்கி முஷ்டியாகப் பிடிக்க வேண்டும் என்றார். "மேகக்கோட்டையிலயும் சேஃப்டி வந்துடுச்சு" என்று நான் கிண்டலடித்தேன். "ஆமா. ஆளக் கொல்ற பாட்டு இன்னா பாட்டு?" என்றார். அன்றிலிருந்து முஷ்டிதான்.

இனி அவரை வெளியே அனுப்பிய சங்கதி.

தினம் காலையில் கூண்டில் ஏறுமுன் ஸ்லிங்குகளைத் தானே பார்ப்பார். எண்ணெய் துடைக்கிற பனியன் வேஸ்டில் ஒரு கொத்தைக் கையில் எடுத்து இரும்புக் கயிற்றின் மேல் இழுத்துக்கொண்டே போவார். இழை அறுந்த இடத்தில் பனியன் நூல் மாட்டிக்கொள்ளும். அன்று ஒரே கயிற்றில் மூன்று இடத்தில் மாட்டியது. அன்றைக்குப் பார்த்து, கம்பி உருட்டும் உருளைகளைத் தாங்குகிற ரோலர் ஸ்டாண்டை மாற்ற வேண்டும். மில்லிலேயே கனமான சாமான் அது. வேறு பெரிய ஸ்லிங் இல்லை, திங்கட்கிழமைதான் வரும். உற்பத்தி நின்றுபோயிருந்ததால் மேனேஜரே ஷெட்டுக்கு வந்துவிட்டார்.

"நேத்து வரைக்கும் தூக்கினதுதானே?" என்றார்.

"நேத்து வரைக்கும் உயிரோட கீறவன்தான் சார் இன்னிக்கி சாவறான்" என்றார் அக்கா.

மேனேஜர் கேட்கவில்லை. அக்கா ஏணியில் ஏறிக் கூண்டில் உட்கார்ந்துகொண்டார். சுவிட்சைப் போடவில்லை. கீழே ஸ்டாண்டில் ஸ்லிங்கை மாட்டிவிட்டு ஒடிசாக்காரர்கள் நாலு பேரும் நின்றார்கள். தூக்கும்போது ஆடாமல் பிடித்துக்கொள்ள வேண்டியவர்கள் அவர்கள். கயிறு அறுந்தால் அவர்கள் மேல்தான்.

இரைச்சல் நின்றிருந்ததால் அன்று எல்லாமே காதில் விழுந்தது. "தூக்குறியா, இல்ல எறங்குறியா? வேற ஆபரேட்டர ஏத்தறேன்" என்று மேனேஜர் கத்தினார்.

"தூக்கவும் மாட்டேன். எறங்கவும் மாட்டேன்."

இறங்கினால் அந்த இடத்தில் வேறு ஆள் உட்காருவான், தூக்குவான். அது எங்கள் எல்லாருக்கும் தெரியும். மேனேஜர் என் பக்கம் திரும்பி, சிக்னல் கொடு என்றார். நான் இரண்டு கையையும் பேண்ட் பாக்கெட்டில் விட்டுக்கொண்டேன். என் வீரம் அவ்வளவுதான்.

அப்போது அந்த மீசைக்காரர் இடுப்பில் உள்ளங்கையை விரித்தார். மற்ற மூவரும் விரித்தார்கள். மார், தோள் என்று நாலு ஜோடிக் கைகள் ஏறின. ஆறாவதில் முஷ்டி. ஏழாவதில் எட்டுக் கைகள் தலைக்கு மேல். கூண்டில் அக்கா முதல் ஏத்தத்தைத் தொடங்கினார். எனக்கு அழுகை வந்துவிட்டது, சொல்ல என்ன வெட்கம்.

மேனேஜருக்கு இது எதுவும் புரியவில்லை. "பாரு, ஆளுங்களே தூக்கச் சொல்றாங்க! நீ தூக்க மாட்டேங்கற!" என்றார். ஷிப்டு முடிந்தும் அக்கா வரவில்லை. பொழுது சாயும் நேரத்துக்கு, ஸ்லிங் வரும்வரை ஸ்டாண்டைத் தொடுவதில்லை என்று சூப்பர்வைசர் வாய்மொழியாகச் சொன்ன பிறகுதான் ஏணிக்கு வந்தார். திங்கட்கிழமை புது ஸ்லிங் வந்தது. பழையது எங்கே போனது என்று யாருக்கும் தெரியவில்லை. அதே திங்கட்கிழமை அவருக்குக் குற்றச்சாட்டுக் கடிதமும் வந்தது. ஏழு முறை சிக்னல் கொடுக்கப்பட்டும் சுமையைத் தூக்க மறுத்தார் என்று எழுதியிருந்தார்கள்.

விசாரணைக்கு வெளியிலிருந்து ஒரு வக்கீலைக் கூட்டி வந்தார்கள். மேஜையில் ஒருவர் கையாலேயே எழுதிக்கொண்டிருந்தார். முதல் சாட்சி நான்.

"ஏழு சிக்னல் கொடுத்தாங்களா?"

"அது சிக்னல் இல்ல சார். பாட்டு."

"என்ன பாட்டு?"

சொன்னேன். மேகக்கோட்டை, ஒன்பது ஊர், கயிறு கட்டுகிறவள் எல்லாவற்றையும் சொன்னேன். சொல்லச் சொல்ல வக்கீலின் முகம் மலர்ந்துகொண்டே போனது. அக்காவைப் பைத்தியம் என்று எழுதிவிடுவார்களோ என்று எனக்குப் பயம் வந்துவிட்டது. காப்பாற்றுகிறோம் என்று நினைத்துக்கொண்டுதான் சொன்னேன்: "சும்மா சார். சும்மா ஒரு கதை. சோத்து நேரத்துல சும்மா சொல்லிக்கினு இருப்பாங்க."

வக்கீல் எழுதுகிறவரைப் பார்த்து, "அந்த சும்மாவை எழுதிக்குங்க" என்றார். பிறகு மெதுவாகக் கேட்டார். "சும்மா சொல்றது இந்த அம்மாவுக்குப் பழக்கம்னு நீங்களே சொல்றீங்க. அப்போ கயிறு அறுந்திருக்குன்னு சொன்னதும் சும்மாதானே?"

நான் அக்காவைத் திரும்பிப் பார்த்தேன். மெமோ வாங்கியபோதும், மேனேஜர் கத்தியபோதும் நிமிர்ந்தே இருந்த முகம். என் வாயிலிருந்து அந்த வார்த்தை விழுந்த பிறகு அது குனிந்திருந்தது. ஆறு வருஷத்தில் அவர் ஒன்றை இறக்கி நான் பார்த்தது அன்றுதான். இறக்க வைத்தவன் நான்.

வக்கீல் அவரிடம் நயமாகப் பேசினார். "மேகக்கோட்டை எல்லாம் பொய், விளையாட்டுக்குச் சொன்னேன், அந்தக் கவனக்குறைவுல தப்பு நடந்துபோச்சுன்னு ஒரு வரி எழுதிக் கொடுங்கம்மா. வேலைக்குத் திரும்பிடலாம்."

அக்கா நிமிர்ந்தார்.

"ஏழாவதா ரெண்டு கையும் மேல தூக்குனாங்க சார். எங்க மில்லுல அதுக்கு நிறுத்துன்னு அர்த்தம். யாரு காட்னாலும் நிறுத்தணும்னு உங்க போர்டுலதான் எழுதிக்கீது. நிறுத்துனேன்."

"அப்போ அது பாட்டா, சிக்னலா?"

"ரெண்டும்தான். மேகக்கோட்டய கட்டுனது நானு. கயிறு அறுந்துக்கீதுன்னு சொன்னதும் நானு. ரெண்டையும் ஒரே வாய்தான் சொல்லிச்சு. ஒண்ண பொய்யின்னு எழுதிக் குடுத்து இன்னொண்ண நெசமாக்க எனுக்குத் தெரியாது. கோடு போட்டு அடிக்கறதுன்னா ரெண்டையும் சேத்து அடிச்சிக்கோங்க."

என் வாக்குமூலத்தைப் படித்துக் காட்டிக் கையெழுத்துப் போடச் சொன்னார்கள். நான் பேனாவை வாங்கிக்கொண்டு, "சும்மான்னு மூணு எடத்துல கீது. வெட்டுங்க" என்றேன்.

"நீ சொன்னதுதானே?"

"சொன்னேன். தப்பா சொல்ட்டேன். வெட்டுனா போடறேன்."

சொன்னதை வெட்ட முடியாது, விதியில் இடமில்லை என்றார்கள். நானே வெட்டினேன். ஒன்று, இரண்டு, மூன்று. மூன்றாவதில் தாள் கிழிந்துவிட்டது. மேனேஜர் எழுந்து கையைப் பிடித்துப் பேனாவைப் பிடுங்கினார். அதற்குள் கிழிசலுக்குக் கீழே கையெழுத்தைப் போட்டுவிட்டேன்.

இதனால் அக்காவுக்கு ஒன்றும் கிடைத்துவிடவில்லை. அவரை வேலையிலிருந்து எடுத்தார்கள். என்னைப் பழைய இரும்புக் குவியலுக்கு மாற்றினார்கள், வெயிலில். மனைவி, "ஒரு சும்மாவுக்கா இவ்ளோ பேஜாரு?" என்று தலையில் அடித்துக்கொண்டாள். அக்கா கேட்டில் ஹெல்மெட்டைக் கொடுத்துவிட்டுப் போகும்போது என்னிடம், "சொல்லும்போது வலிச்சிதுடா. வெட்டும்போது சரியாப்பூட்ச்சி" என்றார். இப்போது காட்டுப்பள்ளித் துறைமுகம் பக்கம் ஏதோ பெரிய கிரேனில் இருப்பதாகச் சொல்கிறார்கள். எவ்வளவு உயரம் என்று கேட்டேன். சொன்னவனுக்கு அளவு தெரியவில்லை, நம்ம மில் கிரேனை விட உயரம் என்றான். எனக்குப் பரம சந்தோஷம்.

புதிதாக வருகிறவர்கள் எப்படியோ கேள்விப்பட்டு என்னிடம் வருகிறார்கள். வாயில் சிரிப்பை அடக்கிக்கொண்டு, மேகக்கோட்டை நிஜமாகவே இருக்கிறதா என்று கேட்கிறார்கள். இருக்கிறது என்கிறேன். எழுதிக் கேட்டால் எழுதியும் தருவேன், கையெழுத்தோடு.